ஏழாம் அதிகாரம்: உதவி இயக்குநர் தொழில்

தொழிலின் இயல்பு

கல்முனைக்குடியிலோ மருதமுனையிலோ சாய்ந்தமருதிலோ பிறந்து, உயர்தரப் பரீட்சையை எழுதி முடித்து, சினிமாவிலோ தொலைக்காட்சியிலோ பணிபுரிய விரும்புவதாக வீட்டில் வாய் திறக்கும் இளைஞனிடம், வாப்பாவும் உம்மாவும் முதன்முதலாகக் கேட்கும் கேள்வி, "அது என்ன தொழில், மகன்?" என்பதாகவே இருக்கும். நடிகர் என்றால் அவர்களுக்கு விளங்கும். இயக்குநர் என்றாலும் ஓரளவு விளங்கும். உதவி இயக்குநர் என்றால், பிறருக்குத் தேநீர் வாங்கிக் கொடுத்துக்கொண்டு வெயிலில் ஓடித் திரியும் ஒருவனின் உருவமே அவர்கள் மனக்கண்ணில் தோன்றும். ஆகவே இத்தொழிலுக்குள் நுழைய விரும்புவோர், பெற்றோருக்குச் சொல்வதற்காகவேனும், இதன் இலக்கணத்தை முதலில் தாமே தெளிவாக அறிந்துகொள்ள வேண்டும்.

ஒரு கதை, படமாவதற்கு முன்னர், இயக்குநர் ஒருவரின் உள்ளத்தில் மட்டுமே முழுமையாக இருக்கிறது. அதனை வெளியே கொண்டுவருவதற்கு நடிகர், ஒளிப்பதிவாளர், ஒலிப்பதிவாளர், கலை இயக்குநர், ஒப்பனையாளர், சாரதி, சமையற்காரர் என்று பலர் சேர்ந்து உழைக்கிறார்கள். அவர்களுள் ஒவ்வொருவரும் தத்தம் காரியத்தில் ஆழ்ந்திருக்கையில், கதையின் முழு உருவத்தையும், இன்றைய தினம் அதில் எந்தப் பகுதி முடிய வேண்டும் என்பதையும், நேற்று முடிந்த பகுதியோடு இன்றைய பகுதி எவ்விதம் பொருந்த வேண்டும் என்பதையும் ஒருசேர நினைவில் வைத்து, அந்த நினைவை எழுத்தில் பாதுகாத்து, வேண்டிய கணத்தில் வேண்டியவரிடம் எடுத்துக் கொடுப்பவரே உதவி இயக்குநர். பிறருடைய கற்பனைக்கு நினைவாக இருப்பது அவருடைய கடமை. ஓடியாடும் வேலை இதில் நிறைய உண்டென்பது மெய்யே. ஆயினும் எழுத்தும் நினைவும் இல்லாத ஓட்டத்தால் எவரும் இயக்குநரானதில்லை.

படிநிலைகள்

தமிழ்த் திரையுலகில் கிளாப் பலகை பிடிப்பவரே பெரும்பாலும் கடைசி உதவியாளர். அவருக்கு மேலே தொடர்ச்சியைக் குறித்துக்கொள்பவர், உடைகளையும் கைப்பொருள்களையும் கவனிப்பவர், நடிகர்களுக்கு வசனம் சொல்லிக் கொடுப்பவர் எனச் சிலர் இருப்பர். அவர்களுக்கெல்லாம் மேலே இணை இயக்குநர் இருந்து, அட்டவணை தயாரித்து, தளத்தை நடத்துவார். ஆங்கிலத் திரைப்பட மரபில் இவர்களை முதலாம், இரண்டாம், மூன்றாம் உதவி இயக்குநர் என வகுத்து, தொடர்ச்சியைக் குறிக்கும் பணியைத் தனியொருவரிடம் ஒப்படைப்பார்கள். நம் நாட்டுத் தொலைக்காட்சி நாடகங்களில் ஆள்பலம் குறைவாதலால் இவ்வேலைகள் யாவும் ஒருவர் அல்லது இருவர் தலையில் விழுவதுண்டு. அது பளுவேயாயினும், எல்லாத் துறைகளையும் குறுகிய காலத்தில் கற்றுக்கொள்ள விரும்புபவனுக்கு அதைவிடச் சிறந்த பள்ளிக்கூடம் கிடையாது.

ஒரு காட்சியைப் பிரித்தறிதல்

மருதமுனை நெசவாளர் பாவு ஓட்டி முடிப்பதற்கு முன் தறியில் உட்காருவதில்லை. அவ்வண்ணமே, திரைக்கதைப் பிரதியைக் காட்சி காட்சியாகப் பிரித்து எழுதி முடிப்பதற்கு முன் எந்த உதவி இயக்குநரும் படப்பிடிப்புத் தளத்தில் கால் வைக்கலாகாது. இதனை ஓர் உதாரணத்தின் வாயிலாக விளக்குவது நலம்.

பிரதியில் இவ்வாறு இருப்பதாகக் கொள்வோம்: "காட்சி 14. சாய்ந்தமருது கடற்கரை. அதிகாலை. கரைவலை இழுத்துக்கொண்டிருக்கும் வாப்பாவிடம், கொழும்புக்குப் போக அனுமதி கேட்கிறான் மகன். வாப்பா பதில் சொல்லவில்லை. மடி கரையேறுகிறது." வாசகனுக்கு இது நான்கு வரி. உதவி இயக்குநருக்கோ இது ஒரு முழுப் பக்கக் குறிப்பு. ஆட்கள்: வாப்பா, மகன், இரு கயிறுகளிலும் இழுக்கும் மீனவர்கள். பொருள்கள்: தோணி, வலை, கயிறு, மீன் கூடைகள். உடை: வாப்பாவின் சாரன், அதன் நிறம், அது நனைந்திருக்கிறதா காய்ந்திருக்கிறதா என்பது, மகனின் செருப்பு, அது காலில் இருக்கிறதா கையில் இருக்கிறதா என்பது. ஒளி: சூரியன் கடலிலிருந்து எழும் வேளை. ஒலி: அலை, மீனவர் குரல், காகம். அனுமதி: வலைக்கு உரியவரிடம் பெற வேண்டியது. செலவு: அன்றைய பாடு குறைந்தால் அவர்களுக்கு ஈடாகக் கொடுக்க வேண்டிய தொகை.

இவையனைத்திலும் பிரதானமானது ஒன்றுண்டு. கரைவலையை மறுபடி இழுக்கச் சொல்ல முடியாது. ஒருமுறை வளைத்த வலை கரை சேரப் பல மணி நேரம் செல்லும். மடி கரையேறுவதோ ஒரேயொரு தடவை. ஆகவே அக்கணத்தை எடுப்பதற்கான கமரா, அதற்கு வெகு முன்பே தன் இடத்தில் நின்றாக வேண்டும். வாப்பாவும் மகனும் பேசும் அண்மைக் காட்சிகளை, மீனவர் வலையை உதறி முடித்த பிறகு, கயிற்றை மாத்திரம் கையில் கொடுத்து எடுத்துக்கொள்ளலாம். கதையில் பேச்சு முந்தியது, மடி பிந்தியது. படப்பிடிப்பிலோ மடி முந்தியது, பேச்சு பிந்தியது. அப்படியானால், பேச்சை எடுக்கும் நேரத்தில் வாப்பாவின் சாரன் கதைப்படி எவ்வளவு நனைந்திருக்க வேண்டும், நெற்றியில் வியர்வை இருக்க வேண்டுமா, பின்னணியில் தெரியும் தோணி நீரில் நிற்கிறதா மணலில் கிடக்கிறதா என்னும் வினாக்களுக்கெல்லாம் முதல் நாள் இரவே விடை எழுதி வைத்திருப்பவன்தான் தன் தொழிலைச் செய்தவனாவான். அனுபவமற்ற இளைஞன் அங்கே போய், "காக்கா, இன்னொருக்கா இழுக்க ஏலுமா?" என்று கேட்பான். "ஏலா மனே, கடல் நம்மட சொல்லுக் கேக்காது" என்பதே அவனுக்குக் கிடைக்கும் பதிலாக இருக்கும். அந்தப் பதிலை அவன் தளத்தில் கேட்காமல், பிரதியைப் பிரிக்கும்போதே தன் மனத்துக்குள் கேட்டிருக்க வேண்டும்.

கிளாப்பும் தொடர்ச்சியும்

கிளாப் பலகையில் காட்சி எண், ஷாட் எண், டேக் எண் ஆகிய மூன்றும் தவறின்றி இருத்தல் வேண்டும். படமும் ஒலியும் தனித்தனிக் கருவிகளில் பதிவாகும்போது, பலகையின் இரு கட்டைகளும் மோதும் பிம்பத்தையும் அந்த ஓசையையும் ஒன்றாகப் பொருத்தியே படத்தொகுப்பாளர் அவ்விரண்டையும் இணைக்கிறார். ஒலிப்பதிவில்லாத ஷாட் என்றால் கட்டைகளுக்கிடையே விரல்களை வைத்துப் பிடித்து, ஓசை இல்லை என்பதைக் காட்ட வேண்டும். ஷாட்டின் ஆரம்பத்தில் கிளாப் கொடுக்க இயலாமற்போனால், முடிவில் பலகையைத் தலைகீழாகப் பிடித்துக் கொடுக்க வேண்டும். சாமானியமான காரியம்தான், ஆனால் எண்ணை மாற்றி எழுதும் ஒருவனால், பல வாரங்களுக்குப் பின் படத்தொகுப்பு அறையில் உட்கார்ந்திருக்கும் மற்றொருவரின் ஒரு பகற்பொழுது வீணாகும்.

தொடர்ச்சி என்பது இன்னும் நுட்பமானது. தேநீர்க் கோப்பையை வலக்கையில் ஏந்தியவர் அடுத்த ஷாட்டில் இடக்கையில் ஏந்தலாகாது என்பதை எவரும் அறிவர். எந்தச் சொல்லைச் சொல்லும்போது அவர் கோப்பையைக் கீழே வைத்தார் என்பதைக் குறித்துக்கொள்பவரே தேர்ந்தவர். கைத்தொலைபேசியில் நிழற்படம் எடுத்துக்கொள்வது இக்காலத்தில் பெருந்துணைதான்; எனினும் நிழற்படம் ஒரு கணத்தைக் காட்டுமேயன்றி, அசைவுக்கும் சொல்லுக்கும் உள்ள உறவைக் காட்டாது. அதற்கு நோட்டுப் புத்தகமும் பென்சிலுமே வேண்டும். இருவர் எதிரெதிரே நின்று பேசும் காட்சியில், அவர்களுக்கிடையே ஒரு கோடு இருப்பதாகப் பாவித்து, கமரா அக்கோட்டின் ஒரு பக்கத்திலேயே நிற்பதைக் கவனிப்பதும் இப்பணியைச் சேர்ந்தது. கோட்டைத் தாண்டினால் பார்வைகளின் திசை குழம்பி, ஒருவரையொருவர் நோக்கிப் பேசுபவர்கள் ஒரே திக்கை நோக்கிப் பேசுவது போலத் திரையில் தோன்றும்.

நம் கரையின் அட்டவணை

படப்பிடிப்பு அட்டவணை கதையின் வரிசைப்படி அமைவதில்லை. இடம், நடிகரின் தேதி, ஒளி, காலநிலை ஆகியவற்றின் வரிசைப்படியே அமைகிறது. நம் பிரதேசத்தில் பிறந்தவனுக்கு இதில் ஒரு விசேஷ அறிவு இயல்பாகவே வாய்த்திருக்கிறது. அதை அவன் உணர்ந்து பயன்படுத்த வேண்டும்.

நமது கடல் கிழக்கே உள்ளது. காலையில் கடலைப் பின்னணியாக்கி ஒருவரை நிறுத்தினால் சூரியன் அவர் முதுகுக்குப் பின்னால் நிற்கும். முகம் இருண்டு, உருவம் நிழற்கோலமாகும். அதே இடத்தில் பிற்பகல் நான்கு மணிக்கு நிறுத்தினால், மேற்கே வயல்வெளிப் பக்கம் சாயும் வெயில் முகத்திலும் அலையிலும் ஒருங்கே படும். மஃரிபை ஒட்டிய அந்தி வெளிச்சமோ நமது அட்சரேகையில் அரைமணி நேரத்துக்கு மேல் நீடிப்பதில்லை. ஆகவே அந்தியில் எடுக்கும் காட்சிக்கு ஒத்திகையை முன்னரே முடித்திருக்க வேண்டும். கார்த்திகை முதல் தை வரை வடகீழ்ப் பருவமழை. அக்காலத்தில் வெளிப்புறக் காட்சிகளுக்கு மாற்றாக உட்புறக் காட்சிகளைத் தயாராக வைத்திராத அட்டவணை அட்டவணையாகாது. பச்சை வயல் வேண்டுமென்றால் மார்கழியிலும் தையிலும், அறுவடை வேண்டுமென்றால் மாசி, பங்குனியிலும் சம்மாந்துறைக்கோ நிந்தவூருக்கோ போக வேண்டும். ஆனி, ஆடியில் கச்சான் காற்று வீசும்போது ஒலிவாங்கிக்குக் காப்புறை இன்றேல் வசனம் ஒரு சொல்லும் மிஞ்சாது.

பாங்கு நேரங்களும் அட்டவணையில் இடம்பெற வேண்டும். பள்ளிவாசல்கள் நெருக்கமாக அமைந்த நம் ஊர்களில் ஒரு பள்ளியில் பாங்கு முடிய மற்றொன்றில் தொடங்கும். அந்த நேரத்தில் ஒலிப்பதிவு செய்வதும் இயலாது, செய்ய முனைவதும் மரியாதையாகாது. லுஹரையும் அஸரையும் ஒட்டி இடைவேளை வைத்து, வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்கு முற்பகலிலேயே வேலையை நிறுத்தி, நோன்பு மாதத்தில் கடினமான வெளிப்புற வேலைகளைத் தவிர்த்து அமைக்கும் அட்டவணையே ஊராரின் நல்லெண்ணத்தைப் பெறும். வெளியூரிலிருந்து வரும் படக்குழுவுக்கு இதை எடுத்துச் சொல்ல வல்லவன் அந்த ஊர்ப் பிள்ளை ஒருவனே.

அனுமதி விஷயத்திலும் அவ்வாறே. பொது இடங்களுக்கு மாநகர சபை, பிரதேச செயலகம், பொலிஸ் நிலையம் ஆகியவற்றை அணுகுவதோடு, பள்ளிவாசல் நம்பிக்கையாளர் சபையினரையும் மரைக்கார்மாரையும் நேரிற் கண்டு காரியத்தை விளக்குவது நல்லது. ட்ரோன் பறக்கவிடுவதானால் சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபையின் விதிகளுக்கு உட்பட வேண்டும். எந்த வீட்டின் முற்றத்திலும் பெண்கள் இருக்கும் பக்கம் கமராவைத் திருப்புவதற்கு முன் அவர்களின் சம்மதத்தைக் கேட்டறிதல் வேண்டும். 2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் திகதி ஆழிப்பேரலையில் அம்பாறை மாவட்டம் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட உயிர்களை இழந்தது. இந்நாட்டில் அதிக உயிர்களைப் பறிகொடுத்த மாவட்டம் இதுவே. இக்கரையில் கடலைப் படமெடுக்கும்போது, அருகே நின்று வேடிக்கை பார்க்கும் முதியவர் அக்கடலுக்கு யாரைக் கொடுத்தவர் என்பதை நாம் அறியோம். சத்தமிடுவதையும், அழும் காட்சியை வேடிக்கையாக நடத்துவதையும் அங்கே தடுத்து நிறுத்துவது உதவி இயக்குநரின் கடமையாகும்.

பயிற்சி பெறும் வழிகள்

ஊரிலிருந்தபடியே ஆரம்பிக்கலாம். உயர்தரத்தில் 'நாடகமும் அரங்கியலும்' ஒரு பாடமாக உண்டு. மட்டக்களப்பில் கிழக்குப் பல்கலைக்கழகத்தின் சுவாமி விபுலாநந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் அத்துறையில் பட்டம் பெறலாம். சாய்ந்தமருதுக்கும் நிந்தவூருக்கும் நடுவே உள்ள காரைதீவிற் பிறந்த விபுலாநந்த அடிகள், ஷேக்ஸ்பியரின் நாடகங்களைத் தமிழ் நாடக இலக்கணத்தோடு வைத்து ஆராய்ந்து 'மதங்க சூளாமணி' எழுதினார் என்பதை நினைத்தால், நாடகக் கல்வி இம்மண்ணுக்கு அந்நியமானதன்று என்பது விளங்கும். கலியாண வீடியோ எடுக்கும் குழுவில் சேர்வதையும் எவரும் இழிவாக எண்ண வேண்டாம். திரும்ப நிகழாத ஒரு நிகழ்ச்சியை, மின்சாரம் தடைப்பட்டாலும் மாப்பிள்ளை தாமதித்தாலும், தவறவிடாமல் பதிவு செய்யும் நிதானம் அங்கேதான் கைவரும். நண்பர்கள் எடுக்கும் குறும்படங்களில், நடிக்கவும் இயக்கவும் எல்லோரும் முந்தும்போது, தொடர்ச்சிக் குறிப்பு எழுதுவதற்கு நீங்கள் முன்வாருங்கள். அந்த இடத்துக்குப் போட்டியே இராது.

அடுத்த படி கொழும்பு. 1979இல் சுயாதீனத் தொலைக்காட்சியும் 1982இல் ரூபவாஹினியும் ஒளிபரப்பைத் தொடங்கின. பின்னர் 1998இல் சக்தி, 2009இல் வசந்தம் எனத் தமிழுக்கென்றே அலைவரிசைகள் ஏற்பட்டன. கல்முனையிலிருந்து ஓர் இரவுப் பஸ் பயணத்தில் எட்டக்கூடிய இவ்வாய்ப்புகளைத் தேடிச் செல்வோர், இரண்டு ஆயத்தங்களோடு செல்ல வேண்டும். முதலாவது, சிங்களம். ஒளியமைப்பாளரும் ஒலிப்பதிவாளரும் பெரும்பாலும் சிங்களம் பேசுவோராதலால், அம்மொழி தெரியாத உதவி இயக்குநர் தளத்தில் பாதி ஊமையாவான். இரண்டாவது, தான் செய்த வேலைக்குச் சான்று: ஒரு குறும்படத்தின் பிரதி, அதன் காட்சிப் பிரிப்பு, அட்டவணை, தொடர்ச்சிக் குறிப்பு ஆகியவற்றை ஒரு கோவையாக்கிக் கையில் கொண்டு செல்லுங்கள். சிபாரிசுக் கடிதத்தைக் காட்டிலும் அக்கோவை அதிகம் பேசும்.

இலங்கைத் தமிழ்த் திரைப்படத்தின் வரலாறு 1962இல் வெளியான 'சமுதாயம்' தொட்டு ஆரம்பிக்கிறது. 'குத்துவிளக்கு', 'வாடைக்காற்று' போன்ற படங்கள் எழுபதுகளில் நம்பிக்கையூட்டின. பின்னர் போர் அம்முயற்சிகளைக் குலைத்தது. எனவே இங்கே படங்களின் எண்ணிக்கை சொற்பம் என்பதையும், தொலைக்காட்சியும் விளம்பரப் படமும் ஆவணப்படமுமே நிலையான வருவாய்க்கு வழி என்பதையும் முன்னரே அறிந்துகொள்வது விவேகம்.

சென்னைக்குப் போக விரும்புவோர் பலர். அவர்களுக்கு ஓர் எச்சரிக்கை: சுற்றுலா விசாவில் சென்று வேலை செய்வது சட்டவிரோதம், மேலும் அங்குள்ள திரைத்தொழில் சங்கங்களின் உறுப்புரிமையின்றிப் பெரிய படங்களிற் பணிபுரிதல் கடினம். முறையான அனுமதியோடு திரைப்படக் கல்லூரி ஒன்றில் மாணவராகச் செல்வதே நேர்வழி.

குருவும் நூலும்

அந்நேர்வழியிற் சென்று வென்றவருக்கு நம் கரையிலேயே உதாரணம் உண்டு. கல்முனைக்கு வடக்கே, மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியிற் பிறந்த பாலு மகேந்திரா, புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969இல் வெளியேறி, முதலில் ஒளிப்பதிவாளராகப் புகழ்பெற்று, 1977இல் 'கோகிலா' என்னும் கன்னடப் படத்தால் இயக்குநரானார். அவரிடம் உதவியாளராயிருந்த பாலா 1999இல் 'சேது'வையும், வெற்றிமாறன் 2007இல் 'பொல்லாதவ'னையும் இயக்கினார்கள். சீனு ராமசாமியும் அவர் பட்டறையில் உருவானவரே. தமிழ்ச் சிறுகதைகளைத் தழுவி அவர் தொலைக்காட்சிக்கு எடுத்த 'கதை நேரம்' தொடர்தான் வெற்றிமாறனுக்கு ஆரம்பப் பள்ளியாயிற்று. தம் உதவியாளர்கள் சிறுகதைகளைப் படித்து, அவற்றின் சாரத்தை எழுதிக் காட்ட வேண்டும் என்று அவர் வற்புறுத்தி வந்தார். அந்தப் பழக்கமே அவர் அவர்களுக்குக் கொடுத்த பெருஞ்செல்வம் என்பது என் அபிப்பிராயம்.

இது நமக்கு மட்டும் உரிய வழக்கமன்று. 1936இல் உதவி இயக்குநராகச் சேர்ந்த ஜப்பானிய இளைஞர் அகிரா குரோசாவாவுக்கு, அவருடைய குரு கஜிரோ யமமோட்டோ, இயக்குநராக விரும்புபவன் முதலில் திரைக்கதை எழுதக் கற்க வேண்டும் என்றே போதித்தார். ஏழாண்டுகளுக்குப் பின், 1943இல், குரோசாவா தம் முதற்படத்தை எடுத்தார். தமிழ்நாட்டில் புட்டண்ணா கனகாலிடம் பயின்றவர் பாரதிராஜா. பாரதிராஜாவிடம் பயின்றவர் பாக்யராஜ். பாக்யராஜிடம் பயின்றவர்கள் பாண்டியராஜனும் பார்த்திபனும். இக்கலை ஒரு தலைமுறையின் கையிலிருந்து மறு தலைமுறையின் கைக்குப் போகும் வழி உதவி இயக்குநர் பதவியே.

ஊதியமும் மதிப்பும்

ஆரம்ப ஊதியம் குறைவு. அது காலந்தாழ்த்தி வருவதும் உண்டு. ஆகவே நாட்கூலியா, ஓர் அங்கத்துக்கு இவ்வளவா, பிரயாணச் செலவும் உணவும் சேர்ந்ததா என்பதை வேலை தொடங்குமுன் எழுத்தில் பெற்றுக்கொள்ள வேண்டும். கூச்சத்தால் கேளாதிருப்பது அடக்கமாகாது. படத்தில் பெயர் எவ்விதம் வரும் என்பதையும் அப்போதே பேசிக்கொள்ளுங்கள். இரண்டு வேலைகளுக்கு இடையே வரும் வெறுமையான மாதங்களுக்காக, படத்தொகுப்போ மொழிபெயர்ப்போ வசனம் எழுதுவதோ, ஏதேனும் ஒரு துணைத்தொழிலைக் கைவசம் வைத்திருப்பது அவசியம்.

பெண்பிள்ளைகளும் இத்தொழிலுக்கு உரியவர்களே. பெண்களின் வாழ்வைச் சொல்லும் ஒரு நாடகத்தில் உம்மாமாரோடும் ராத்தாமாரோடும் மனம்விட்டுப் பேசி, வீட்டுக்குள் நுழைய அனுமதி பெற வல்லவர் பெண் உதவி இயக்குநரே. அவர்களை நியமிக்கும் குழு, பாதுகாப்பான தங்குமிடத்தையும் இரவு வீடு திரும்ப வாகனத்தையும் உறுதிப்படுத்த வேண்டும்; அதைக் கேட்டுப் பெறுவது பெற்றோரின் உரிமை.

முடிவாக ஒரு வார்த்தை. இந்த அதிகாரத்தைப் படித்து முடித்ததும், உங்களுக்குப் பிடித்த ஒரு சிறுகதையை எடுத்து, அதன் சாரத்தை ஒரு பக்கத்தில் எழுதுங்கள். பின் அதைக் காட்சிகளாகப் பிரியுங்கள். ஒவ்வொரு காட்சிக்கும் ஆள், பொருள், உடை, ஒளி, ஒலி, அனுமதி, செலவு என்று ஏழு தலைப்புகளில் குறிப்பெழுதுங்கள். கல்முனையில் உண்மையாகவே அதை எடுப்பதானால் எத்தனை நாள் வேண்டும், எந்த மாதம் ஏற்றது என்று அட்டவணை போடுங்கள். எவருடைய சிபாரிசும், ஒரு சதப் பணமும் இதற்கு வேண்டியதில்லை. இந்த அப்பியாசத்தை ஒரு வருஷம் சிரத்தையாகச் செய்து வருபவர், எந்தத் தளத்துக்குப் போனாலும், முதல் நாளிலேயே பயன்படக்கூடியவராகப் போவார்.